ஒரே பந்தயம், இரண்டு வேகம்

ஆசிரியருக்கு,

ஞாயிறு இணைப்பில் பழைய வீடியோ கேம்கள் பற்றி வந்த கட்டுரை, கார் பந்தய கேம்களின் ஜப்பான், அமெரிக்க, ஐரோப்பியப் பதிப்புகளில் மொழியும் அட்டைப்படமும்தான் மாறும் என்கிறது. ஓட்டுகிறவர்களுக்கு அவை பொருட்டே இல்லை. வேகமே மாறுகிறது.

அன்றைய ஜப்பான், அமெரிக்க டிவிகள் என்.டி.எஸ்.சி. முறை, படம் நொடிக்கு 60 முறை புதுப்பிக்கப்பட்டது. ஐரோப்பாவின் (நம்முடையதும்) பி.ஏ.எல். முறையில் 50தான். அக்காலக் கேம்கள் பலவற்றில் காரை நகர்த்தும் கணக்கு இந்தப் புதுப்பிப்போடு கட்டப்பட்டிருக்கும். அதைத் திருத்தாமல் ஐரோப்பாவுக்கு அனுப்பினால் 60 நொடிச் சுற்று 72 நொடி இழுக்கும். கேமின் கடிகாரமும் புதுப்பிப்பையே எண்ணினால் திரையில் 60 என்றுதான் காட்டும். மந்தம் வெளியே தெரியாது. படமும் நசுங்கும்: 525 வரி என்.டி.எஸ்.சி. டிவிக்கு வரைந்ததை 625 வரி பி.ஏ.எல். டிவியில் போட்டால் மேலும் கீழும் கறுப்புப் பட்டை. 1992இல் வந்த சூப்பர் மரியோ கார்ட் என்ற பந்தய கேமின் சாதனை நேரங்களை இன்றும் இரண்டு தனிப் பட்டியல்களாக வைத்திருப்பது இதனால்தான்.

2018 டிசம்பரில் சோனி மேற்கு நாடுகளில் விற்ற பிளேஸ்டேஷன் கிளாசிக்கின் (பழைய பிளேஸ்டேஷன் கேம்கள் பதிந்த சிறு பெட்டி) 20 கேம்களில் 9 பி.ஏ.எல். பதிப்புகள். ஒரே பெட்டியில் இரண்டு கார் கேம்கள்: ரிட்ஜ் ரேசர் டைப் 4 என்.டி.எஸ்.சி.; டிஸ்ட்ரக்ஷன் டெர்பி பி.ஏ.எல். 50 படங்களை நொடிக்கு 60 முறை புதுப்பிக்கும் திரையில் காட்டும்போது ஐந்துக்கு ஒரு படம் இருமுறை வருவதால், வளைவுகளில் காட்சி வெட்டி வெட்டி நகரும்.

பழைய பிளேஸ்டேஷன் டிஸ்க் வாங்குகிறவர்கள் அட்டையை நம்பாமல் டிஸ்க்கில் உள்ள எண்ணைப் பார்க்க வேண்டும். எஸ்.எல்.இ.எஸ்., எஸ்.சி.இ.எஸ். என்று தொடங்கினால் ஐரோப்பா, எஸ்.எல்.யு.எஸ்., எஸ்.சி.யு.எஸ். அமெரிக்கா; எஸ்.எல்.பி.எஸ்., எஸ்.சி.பி.எஸ். ஜப்பான். ஆடியதை மெமரி கார்டில் சேமிப்பதும் இந்த எண்ணின் பெயரில்தான். கிரான் டூரிஸ்மோ என்ற பந்தய கேமின் அமெரிக்க டிஸ்க்கில் சேர்த்த கார்களை ஐரோப்பிய டிஸ்க் கண்டுகொள்ளாது, புதிதாகத்தான் தொடங்க வேண்டும். அந்த கேமில் கார் பெயர்கூட மாறும்: ஹோண்டா என்.எஸ்.எக்ஸ். அமெரிக்கப் பதிப்பில் அக்யூரா என்.எஸ்.எக்ஸ்.

அடுத்த முறை கேம் பட்டியல் வெளியிடும்போது டிஸ்க் எண்ணையும் சேர்த்து அச்சிடுங்கள்.

ஒரு வாசகர்,
ஈரோடு