முன்வாசல் கல் தோட்டம்: பணி நிறைவு அறிக்கை

உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

புல்தரை இருந்த இடத்தில் கல் தோட்டம் அமைக்கும் வேலை முடிந்துவிட்டது. 2019 கோடையில் சென்னையின் செம்பரம்பாக்கம், புழல் ஏரிகள் வறண்டு, குளிக்க லாரித் தண்ணீர் வாங்கிய நாளிலும் அந்தக் கொரியன் புல்லுக்கு ஹோஸ் பிடித்தோம். அப்போதே செய்திருக்க வேண்டியது. பொதுக்குழுவில் பேசிப் பேசியே காலம் போயிற்று.

பாறைக்குச் செலவில்லை. அஸ்திவாரம் தோண்டியபோது வந்த கற்கள் பின்சுவரோரம் கிடந்தன. நம் பல்லாவரத்துச் சார்னோகைட். (கொல்கத்தாவில், கிழக்கிந்தியக் கம்பெனி அதிகாரி ஜாப் சார்னாக்கின் கல்லறையில் இருப்பதும் இதே வகைக் கல், அவர் பெயரைத்தான் கல்லுக்கு வைத்தார்கள்.) ஒவ்வொன்றிலும் மூன்றில் ஒரு பங்கு மண்ணுக்குள் இருக்கிறது. நல்ல கல்லை ஏன் புதைக்கிறீர்கள் என்று சிலர் கேட்டார்கள். சும்மா மேலே வைத்தால் பிள்ளைகள் ஏறும்போது ஆடும்.

போனில் "கிராவல் ஒரு லோடு" என்றோம். செம்மண் வந்து இறங்கியது. இந்த ஊரில் கிராவல் என்றால் அதுதான் என்பதை மறந்தது குழுவின் தவறு. நல்லவேளை, மேடு போட அது உதவியது. பிறகு 20 மி.மீ. ஜல்லி என்று சொல்லி வாங்கினோம்.

கல் தோட்டத்துச் செடிகளுக்கு வெயில் பொருட்டல்ல, ஐப்பசி மழைதான் எமன். களிமண்ணில் தண்ணீர் நின்றால் அடினியத்தின் (பாலைவன ரோஜா) அடித்தண்டு அழுகிவிடும். அதனால் ஒன்றரை அடி மேடு: அடியில் செங்கல் உடைசல், அதன்மேல் செம்மண்ணும் மணலும் சரிபாதி, மேலே 3 அங்குல ஜல்லி. ஜல்லிக்குக் கீழே பிளாஸ்டிக் ஷீட் விரிக்கச் சொன்னார்கள். மழைநீர் இறங்காது என்று மறுத்துவிட்டோம். களை முளைக்கும், பிடுங்கத்தான் வேண்டும்.

அடினியம், சோற்றுக்கற்றாழை, மருள், பிரண்டை, ஆவாரை நட்டிருக்கிறோம். சேலம், ஈரோட்டுக்காரர்கள் பொங்கல் காப்புக்கு இனி ஆவாரம்பூ தேடி அலைய வேண்டாம். திருகுகள்ளியின் பால் கண்ணுக்கு ஆபத்து, அரளி விஷம். குழந்தைகள் ஓடியாடும் இடத்தில் இரண்டும் வேண்டாம் என்பது முடிவு. பூஜைக்கு அரளி கேட்டவர்கள் பொறுத்துக்கொள்ளவும்.

இரண்டு அடினியம் ஏற்கெனவே அழுகிவிட்டன. ஆர்ஓ கழிவுநீரை வீணாக்க மனமில்லாமல் யாரோ தினமும் ஊற்றியிருக்கிறார்கள். முதல் கோடை முடியும்வரை வாட்ச்மேன் வாரம் ஒருமுறை ஊற்றுவார். வேறு யாரும் ஒரு சொம்புகூட ஊற்ற வேண்டாம்.

மதிப்பீட்டைத் தாண்டியது கல் நகர்த்திய ஜேசிபி வாடகை மட்டும். ரசீதுகள் பொருளாளரிடம் உள்ளன. மீந்த நான்கு மூட்டை ஜல்லி ஜெனரேட்டர் அருகே இருக்கிறது. தொட்டிக்கு வேண்டுவோர் ஞாயிற்றுக்கிழமைக்குள் எடுத்துக்கொள்ளலாம்.

செயற்குழு