நாலு ஆட்டத்தோடு எழுந்து வரலாமா?

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த ஜப்பான் பயணக் கட்டுரையைப் படித்தேன். கியூஷு தீவின் மலைகளுக்குள் ஒதுங்கிக் கிடக்கும் தகாச்சிஹோவைப் பற்றித் தமிழில் யாராவது எழுதுவார்கள் என்று நான் எதிர்பார்க்கவே இல்லை. பள்ளத்தாக்கு, 17 மீட்டர் உயர மனாய் அருவி, படகுச் சவாரி எல்லாம் சரியாகத்தான் வந்திருந்தன. ஆனால் சாமிக்காக ஆடும் 'ககுரா' ஆட்டத்தைப் பற்றி, இரவு எட்டு மணிக்குக் கோயிலில் நடக்கிறது, ஒரு மணி நேரத்தில் முடிந்துவிடும், அதைப் பார்த்தால் போதும் என்று ஒரு வரி எழுதியிருந்தார்கள். அந்தப் 'போதும்'தான் உறுத்தியது. போதாது என்று சொல்லத்தான் இந்தக் கடிதம்.

அந்த ஒரு மணி நேர நிகழ்ச்சியை நான் குறை சொல்லவில்லை. தகாச்சிஹோ கோயில் மண்டபத்தில் தினமும் நடக்கிறது. கட்டணம் 1,000 யென். ஆடுகிறவர்களும் அந்த வட்டாரத்துக்காரர்கள்தான். முதல் தடவை போனபோது நானும் அதைப் பார்த்துவிட்டு, நன்றாக இருந்தது என்று விடுதிக்குப் போய்த் தூங்கினேன். ஆனால் அங்கே ஆடிக் காட்டுவது நாலே நாலு ஆட்டம். முழு ககுராவில் 33 ஆட்டங்கள் இருக்கின்றன. அதைப் பார்க்க வேண்டுமென்றால் நவம்பர் நடுவிலிருந்து பிப்ரவரி தொடக்கத்துக்குள் போக வேண்டும். சுற்றியிருக்கும் சுமார் 20 சிற்றூர்களில், ஊருக்கு ஓர் இரவு என்று, சாயங்காலம் தொடங்கி மறுநாள் முற்பகல் வரை ஆடுகிறார்கள். விளைந்ததற்கு நன்றி, அடுத்த வருஷமும் விளைய வேண்டும் என்று ஒரு வேண்டுதல், அவ்வளவுதான் காரணம். 1978இல் ஜப்பான் அரசு இதை முக்கியமான நாட்டார் பண்பாட்டுச் செல்வமாக அறிவித்தது. அரசு அறிவிக்காவிட்டாலும் ஆடிக்கொண்டுதான் இருந்திருப்பார்கள்.

ஃபுகுவோகாவில் வேலை பார்க்கும் என் மகளோடு ஒரு டிசம்பரில் இரண்டாவது முறை போனேன். தகாச்சிஹோவுக்கு இப்போது ரயில் கிடையாது. 2005 புயலில் பாலங்கள் அடித்துப் போன பிறகு ரயில் பாதையையே மூடிவிட்டார்கள். பேருந்துதான். சாயங்காலம் இறங்கும்போதே மூச்சு புகையாக வந்தது. ஆட்டம் நடக்கும் வீட்டைக் கண்டுபிடிக்க வழி கேட்க வேண்டியிருக்கவில்லை. முற்றத்தில் உயரமான மூங்கில்களை நட்டு அலங்கரித்து, அங்கிருந்து வீட்டுக்குள் கயிறு கட்டியிருந்தார்கள். அதன் வழியாகத்தான் சாமி உள்ளே வருகிறது என்றார்கள்.

வாசலில் ஒரு மேஜை. அங்கே நுழைவுச்சீட்டு விற்கவில்லை. இது முக்கியம், ஏனென்றால் டிக்கெட் என்று நினைத்துக் காசை நீட்டினால் அசிங்கமாகிவிடும். ஷோச்சு என்கிற அவர்கள் ஊர்ச் சாராயம் இரண்டு புட்டி, இல்லையென்றால் அதற்கு ஈடாக 3,000 யென் போல ஓர் உறையில் வைத்துச் சாமிக்குக் காணிக்கையாகக் கொடுக்க வேண்டும். நாங்கள் உறையைக் கொடுத்தோம். கொஞ்ச நேரத்தில் என் பெயரை அவர்கள் எழுத்தில் எழுதிச் சுவரில் ஒட்டினார்கள். மகள் எழுத்துக்கூட்டிப் படித்துவிட்டு, "அப்பா, ஓர் எழுத்தை விட்டுட்டாங்க" என்றாள். விட்டால் விட்டுப் போகிறது, அந்தச் சுவரில் இடம் கிடைத்ததே பெரிசு.

வீட்டின் முன்பக்கக் கதவுகளையெல்லாம் கழற்றிவிட்டார்கள். அதனால் பாதிப் பேர் உள்ளே பாயிலும் பாதிப் பேர் முற்றத்துக் குளிரிலும் இருந்து பார்க்கலாம். நடுவே நாலு மீட்டருக்கு நாலு மீட்டர் சதுரம். அதற்குள் ஆடுகிறவர்களைத் தவிர யாரும் கால் வைக்கக் கூடாது. சுற்றிலும் வைக்கோல் கயிறு கட்டி, அதில் வெள்ளைத் தாளில் நறுக்கிய சித்திரங்களைத் தொங்கவிட்டிருந்தார்கள். கோயில் வாசல் வளைவு, ராசி விலங்குகள், மரம், நெருப்பு, மண், உலோகம், நீர் ஆகியவற்றின் எழுத்துகள். ஆட்டக்காரர்களை அங்கே 'ஹோஷாடோன்' என்கிறார்கள். சாமிக்கு ஊழியம் செய்கிறவர் என்று பொருள். தொழில்முறைக் கலைஞர்கள் யாரும் இல்லை. எனக்கு முன்னால் கைமணியைக் குலுக்கி ஆடியவரின் விரல்களைப் பக்கத்தில் பார்த்தேன். நகக்கண்ணில் கறுப்பாக எண்ணெய்க் கறை. வெள்ளை அங்கி அவ்வளவு சுத்தம், விரல் மட்டும் மெக்கானிக்கின் விரல்.

நான் செய்யாற்றுக்காரன். விடிய விடியக் கூத்து பார்த்து வளர்ந்த ஆள், அதனால் கண் விழிப்பதெல்லாம் ஒன்றுமில்லை என்று மகளிடம் பெருமை அடித்துக்கொண்டுதான் போனேன். பத்து மணிக்கே தூக்கம் தள்ளிவிட்டது. ககுரா நம் கூத்து மாதிரி அடவும் வசனமுமாக உலுக்குவதில்லை. ஒரே மத்தளம், ஒரே குழல், ஒரே சுற்று. இடது பக்கம் சுற்றி, வலது பக்கம் சுற்றி, மறுபடியும் இடது. முதலில் எனக்கு எரிச்சலாகக்கூட இருந்தது. நடுராத்திரிக்கு மேல்தான், அலுப்பு போய் அந்தச் சுற்று உடம்புக்குள் இறங்கியது. எனக்கு வேறு மாதிரி சொல்லத் தெரியவில்லை. பக்கத்திலிருந்தவர்கள் பாதிப் பேர் சுவரில் சாய்ந்து தூங்கினார்கள், எழுந்தார்கள், சாப்பிட்டார்கள், பழையபடி பார்த்தார்கள். யாரும் யாரையும் முறைக்கவில்லை.

கோஷிந்தாய் என்ற ஆட்டம் வந்தபோது வீடே விழித்துக்கொண்டது. இசநாகி, இசநாமி என்ற ஆதி தெய்வத் தம்பதி அரிசிச் சாராயம் காய்ச்சுகிறார்கள், வடிகட்டுகிறார்கள், ஆளுக்கு ஆள் குடித்துப் பார்க்கிறார்கள், போதை ஏறியதும் கட்டிப் பிடித்துக்கொள்கிறார்கள். அதோடு நிற்கவில்லை. புருஷன் சதுரத்தை விட்டு இறங்கி, பாயில் இருந்த பெண்களிடம் வம்பு பண்ணப் போனார். பெண்சாதி முகமூடி போட்டவர் கோபித்துக்கொண்டு ஆண்கள் பக்கம் வந்து, நேராக என் மடியில் உட்கார்ந்துவிட்டார். மர முகமூடி என் கன்னத்தில் இடித்தது, உள்ளேயிருந்து ஷோச்சு வாசனை அடித்தது. மகள் ஜப்பானிலேயே இல்லாதவள் போல எங்கேயோ பார்த்துக்கொண்டிருந்தாள். எதிரே ஒரு பாட்டி சிரித்துச் சிரித்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். கோயில் மண்டபத்திலும் இந்த ஆட்டம் உண்டு, அங்கேயும் இறங்கி வருவார்கள். ஆனால் ஆறு மணி நேரம் ஒரே பாயில் உட்கார்ந்திருந்தவர்களுக்கு நடுவே வரும்போது அந்தச் சிரிப்பே வேறு.

இடையில் நடந்ததையும் சொல்லிவிடுகிறேன், இந்தக் கடிதத்துக்குப் பாதிக் காரணம் அதுதான். பதினொரு மணி வாக்கில் ஒரு சுற்றுலாக் குழு வந்தது. எந்த நாடு, எந்த நிறுவனம் என்பதெல்லாம் வேண்டாம். நேராக முன்வரிசைக்குப் போய், உட்கார்ந்திருந்த கிழவர்களை மறைத்துக்கொண்டு நின்றார்கள். ஃபிளாஷ் அடித்துப் படம் எடுத்தார்கள். ஒருவர் கயிற்றுக்கு உள்ளே கால் வைத்துவிட, இளைஞன் ஒருவன் வந்து, குனிந்து வணங்கியபடியே அவரை வெளியே தள்ளினான். முக்கால் மணி நேரத்தில் மொத்தக் கூட்டமும் கிளம்பிவிட்டது. சமையல்கட்டிலிருந்து அவர்களுக்கென்று எடுத்து வந்த தட்டுகள் அப்படியே நின்றன. அவர்கள் கெட்டவர்கள் இல்லை, அவர்களுக்கு யாரும் சொல்லவில்லை. பயணக் கட்டுரைகள்தானே சொல்ல வேண்டும்?

சமையல்கட்டு என்றதும் ஞாபகம் வருகிறது. அக்கம்பக்கத்துப் பெண்கள் ராத்திரி முழுக்க அங்கே நின்று வந்தவர்களுக்கெல்லாம் சமைத்துப் போடுகிறார்கள். நான் சைவம். கிழங்கு, முள்ளங்கி எல்லாம் போட்டு வேகவைத்த பண்டத்தில்கூட மீன் சாறு இருக்கும் என்று மகள் எச்சரித்ததால், உப்பு மட்டும் போட்ட சோற்று உருண்டை இரண்டு வாங்கிக்கொண்டேன். பச்சை மூங்கிலை நெருப்போரம் சாய்த்துச் சூடாக்கிய சாராயமும் வந்தது. ஊற்றும்போது கப்போ கப்போ என்று சத்தம் வருவதால் பெயரே கப்போசாகே. குடிப்பதில்லை என்று கையெடுத்துக் கும்பிட்டேன். புரிந்துகொண்டு தேநீர் கொடுத்தார்கள்.

விடியும் நேரத்துக்குத்தான் எல்லோரும் காத்திருந்த கதை வந்தது. தம்பியின் அட்டூழியம் தாங்காமல் சூரிய தேவி அமதெராசு குகைக்குள் ஒளிந்துகொள்ள, உலகம் இருண்டுவிடுகிறது. 712இல் தொகுத்த கொஜிகி என்ற ஜப்பானியப் புராண நூலிலேயே இருக்கும் கதை. அவளை வெளியே வரவைக்க உசுமே என்ற தேவி ஆடுகிறாள். தஜிகரவோ என்ற பலசாலிச் சாமி குகைக்கதவைப் பெயர்த்துத் தூக்கி எறிகிறார். கோயில் மண்டபத்தில் இதையும் பார்த்திருக்கிறேன், மின்விளக்கு வெளிச்சத்தில், இரவு எட்டே முக்காலுக்கு. இங்கே சிவப்பு முகமூடிக்காரர் கதவைத் தூக்கியபோது அவருக்குப் பின்னால் முற்றம் சாம்பல் நிறமாகி, எதிர் மலையின் விளிம்பு தெரிய ஆரம்பித்திருந்தது. ராத்திரி பூராவும் குளிரில் உட்கார்ந்தவனுக்குச் சூரியன் வேண்டும் என்ற ஆசை உடம்பிலேயே இருக்கிறது. கதையை யாரும் விளக்க வேண்டியதில்லை.

ஒரு விஷயம் வருத்தமானது. முன்பெல்லாம் வீடுகளில்தான் ஆட்டம். இப்போது பல சிற்றூர்களில் பொதுக்கூடத்துக்கு மாற்றிவிட்டார்கள். நூறு பேருக்கு இடம் கொடுத்து, கதவைக் கழற்றி, சமைத்துப் போட எத்தனை வீட்டால் முடியும்? பிள்ளைகள் நகரத்துக்குப் போய்விடுகிறார்கள். நான் பார்த்த இரவில் பன்னிரண்டு வயது மதிக்கத்தக்க ஒரு பையன் ஆடினான். பின்னால் உட்கார்ந்திருந்த பெரியவர் அவன் கால் தப்பும்போதெல்லாம் விசிறியால் தன் தொடையில் தட்டிக் காட்டிக்கொண்டிருந்தார். தூக்கக் கலக்கத்தில் இருந்த பையனும் விடவில்லை, பெரியவரும் விடவில்லை.

ஆகவே ஆசிரியருக்கு என் வேண்டுகோள் இதுதான். அடுத்த முறை இப்படிக் கட்டுரை வந்தால் ஒரு சின்னப் பெட்டிச் செய்தி போடுங்கள். எந்த ஊரில் எந்தத் தேதி என்ற பட்டியலை தகாச்சிஹோ சுற்றுலாச் சங்கம் ஆண்டுதோறும் வெளியிடுகிறது, அதைப் பார்த்துக்கொண்டு போகலாம். காணிக்கை உறை, கம்பளிக் காலுறை இரண்டு ஜோடி, ஃபிளாஷ் கூடாது, கயிற்றுக்கு உள்ளே போகக் கூடாது, தூக்கம் வந்தால் தாராளமாகத் தூங்கலாம். ஒரு மணி நேரம்தான் இருக்கிறது என்பவர்கள் கோயில் மண்டபத்துக்கே போகட்டும், அதில் தப்பில்லை.

இந்த வருஷப் பட்டியல் வந்ததும் அனுப்புகிறேன் என்று மகள் சொல்லியிருக்கிறாள். இம்முறை உறை வேண்டாம், புட்டியாகவே கொண்டுபோகலாம் என்று இருக்கிறேன். பாயில் சம்மணம் போட முழங்கால் ஒத்துக்கொள்ளுமா என்பதுதான் யோசனை.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
செய்யாறு.