விரல் போனதற்குச் சதவீதம் போட்டார்கள், தொழில் போனதற்கு?

ஆசிரியருக்கு வணக்கம்.

சாலை விபத்தில் காயமடைந்தவருக்கு இத்தனை லட்சம் இழப்பீடு என்று உங்கள் பேப்பரில் அடிக்கடி செய்தி வருகிறது. அந்தத் தொகையை எந்தக் கணக்கில் போட்டார்கள் என்பதையும் சேர்த்து எழுதினால் எங்களைப் போன்ற எத்தனையோ குடும்பங்களுக்கு உதவியாக இருக்கும்.

என் தம்பி தச்சு வேலை செய்தவன். 34 வயதில் லாரி மோதி வலது கைக் கட்டைவிரல் போனது. மெடிக்கல் போர்டு 30 சதவீத ஊனம் என்று சான்றிதழ் கொடுத்தது. விபத்து இழப்பீட்டு வழக்கை விசாரிக்கும் தீர்ப்பாயத்தில் இன்சூரன்ஸ் தரப்பு வக்கீல் கையைத் தூக்கச் சொன்னார், தூக்கினான். மடக்கச் சொன்னார், மடக்கினான். அவ்வளவுதான், குறுக்கு விசாரணை முடிந்தது. ஒரு சுத்தியலைக் கொடுத்து நாலு ஆணி அடிக்கச் சொல்லியிருந்தால் எல்லோருக்கும் புரிந்திருக்கும். கட்டைவிரல் இல்லாமல் பிடி நிற்காது, ரெண்டாவது அடியிலேயே சுத்தியல் கைக்குள் சுழன்றுவிடும், இழைப்புளியை அழுத்தித் தள்ளுவதெல்லாம் நடக்கவே நடக்காது.

தீர்ப்பில் ஒரு சதவீதத்துக்கு 5,000 ரூபாய் வீதம் ஊனத்துக்கு 1,50,000 போட்டார்கள். ஆஸ்பத்திரிச் செலவு, வலி வேதனைக்கெல்லாம் தனித்தனியாகக் கொடுத்திருந்தார்கள், அதில் எங்களுக்குக் குறையில்லை.

சரி, வருமான இழப்பாகக் கணக்குப் போட்டால் என்ன வரும்? அவன் சம்பாத்தியம் மாதம் 15,000. சொந்தத் தொழில் செய்கிறவர் 40 வயதுக்குக் கீழே இருந்தால் எதிர்கால வருமானத்துக்காக 40 சதவீதம் கூட்ட வேண்டும் என்று 2017-ல் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்னது. அது இறப்பு வழக்கு, ஆனால் காயத்துக்கும் இது உண்டு என்று 2020-ல் அதே நீதிமன்றம் தெளிவாகச் சொல்லிவிட்டது. அப்படிக் கூட்டினால் மாதம் 21,000. வருஷத்துக்கு 2,52,000. வயது 31 முதல் 35-க்குள் இருந்தால் இந்த வருஷ வருமானத்தை 16-ஆல் பெருக்க வேண்டும், இது 2009 தீர்ப்பில் உள்ள அட்டவணை. மொத்தம் 40,32,000, அதில் 30 சதவீதம் என்றாலே 12,09,600 வருகிறது. அதே விரல், அதே சான்றிதழ்!

அந்த 30 கூட சரியான எண் இல்லை என்பதுதான் என் வருத்தம். டாக்டர் சொல்வது உடம்பின் ஊனம், சம்பாதிக்கும் திறன் எவ்வளவு போனது என்பது வேறு, அதைத் தீர்ப்பாயம்தான் பார்க்க வேண்டும் என்று 2010-லேயே உச்ச நீதிமன்றம் விளக்கியிருக்கிறது. இடது கை போனவர் டிரைவராகவோ தச்சராகவோ இருந்தால் இழப்பு கிட்டத்தட்ட நூறு சதவீதம், அரசு குமாஸ்தாவாக இருந்தால் வேலையே போகாமல் இருக்கலாம் என்று அந்தத் தீர்ப்பில் உதாரணமே இருக்கிறது (தச்சர் என்ற வார்த்தையைப் படித்ததும் எனக்கு அழுகை வந்துவிட்டது). தம்பி இப்போது மரக்கடையில் கணக்கு எழுதுகிறான், சம்பளம் 7,000. பாதிக்கு மேல் போய்விட்டதே, இது எப்படி 30 சதவீதம் ஆகும்?

எங்கள் பக்கமும் தவறு உண்டு. அவனுக்கு வேலை கொடுத்த மேஸ்திரியைச் சாட்சியாகக் கூப்பிட்டிருக்க வேண்டும், அவன் என்னென்ன வேலை செய்தான், இப்போது எது முடியவில்லை என்று சொல்ல வைத்திருக்க வேண்டும். யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை. ஆனால் அதே 2010 தீர்ப்பு, மருத்துவ சாட்சியம் வரும்போது தீர்ப்பாயம் சும்மா பார்த்துக்கொண்டிருக்கக் கூடாது என்றும் சொல்கிறதே. "நீ என்ன வேலை பார்த்தாய், இப்போது அதைச் செய்ய முடிகிறதா?" என்று நீதிபதி ஒரு கேள்வி கேட்டிருக்கலாம்.

உயர் நீதிமன்றத்தில் அப்பீல் போட 90 நாள் அவகாசம் உண்டு. நாங்கள் 81-வது நாள் போட்டோம், அதுவும் பக்கத்து வீட்டு அண்ணன் ஒருவர் சொல்லித்தான் தெரிந்தது. அடுத்த முறை இழப்பீட்டுச் செய்தி போடும்போது இந்த 90 நாளையும் ஒரு வரி சேர்த்துப் போடுங்கள்.

இப்படிக்கு,
உங்கள் வாசகி