சந்தோஷ் சிவன் வெறும் கேமராமேன் இல்ல

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

உங்க சினிமா பக்கத்துல சந்தோஷ் சிவன் பத்தி எப்ப வந்தாலும் தளபதி, ரோஜா, இருவர்னு வரிசையா போட்டு லைட்டிங் சூப்பர்னு முடிச்சிடுறீங்க. 2024ல கேன்ஸ் திரைப்பட விழால ஒளிப்பதிவுக்கான பியர் ஆஞ்சனியு விருத அவருக்கு குடுத்தாங்க, ஆசியாவுலயே முதல் ஆளு, அப்பவும் அதே மாதிரிதான். அவரு எழுதின படம், தயாரிச்ச படமெல்லாம் எங்க சார் போச்சு?

1998ஐ மட்டும் எடுத்துக்கோங்க. மணிரத்னத்தோட தில் சே, நமக்கு உயிரேன்னு வந்துச்சே, அதுக்கு கேமரா இவருதான், அதுல வர்ற பொண்ணு தற்கொலைப்படை. அதே சமயத்துல இவரே எழுதி இயக்கி கேமராவும் பாத்த தி டெரரிஸ்ட்டும் தற்கொலைப்படை பொண்ணு கதைதான். ஒரே வருஷத்து தேசிய விருதுல அதுக்கு ஒளிப்பதிவு விருது, இதுக்கு சிறந்த தமிழ்ப் படம். ஆனா உயிரேல காதலிக்கிறவன் கண்ணு வழியாத்தான் நாம அவள பாக்குறோம், டெரரிஸ்ட்ல கேமரா அந்தப் பொண்ணா நடிச்ச ஆயிஷா தார்கர் முகத்த விட்டு நகரவே மாட்டேங்குது, அவ மூச்சு விடுறது கூட நம்ம காதுல விழுது. அவ தங்குற வீட்டுல ஒரு அம்மா கண்ணு திறந்தபடியே கோமால கிடப்பாங்க, சாகப் போறவ அந்தக் கண்ண பாக்குற இடம் இருக்கே, எத்தனை வருஷம் ஆனாலும் மனச விட்டுப் போகாது. இதெல்லாம் எழுத்து சார், வெறும் ஒளிப்பதிவு இல்ல. அதுவும் பெரும்பாலும் இருக்குற வெளிச்சத்துலயே எடுத்தது, லைட்டு குறைஞ்சா யூனிட்டும் குறையும் ஜெனரேட்டர் செலவும் குறையும், கேமரா தெரிஞ்சவனே கதையும் எழுதினாத்தான் இவ்ளோ சின்ன பட்ஜெட்ல இப்படி ஒரு படம் முடியும்னு நான் நம்புறேன்.

அப்புறம் கூவாகம் பக்கம் போய் திருநங்கைகள வெச்சு நவரசா எடுத்தாரு. 2011ல உருமிக்கு பிருத்விராஜோட சேர்ந்து தயாரிப்பாளர். 2014ல ஈழப் போர வெச்சு இனம் எழுதி இயக்கி தயாரிச்சாரு, எதிர்ப்பு கிளம்பி சில நாள்லயே தியேட்டர்ல இருந்து தூக்கிட்டாங்க. அந்தப் படத்தோட அரசியல் பத்தி எனக்கும் கேள்வி இருக்கு, ஆனா சம்பளம் வாங்கிட்டு போற கேமராமேனுக்கு இல்லாத ரிஸ்க்க ஒருத்தர் தலையில தூக்கி வெச்சிருக்காருல்ல, அத யாருமே எழுதலயே. அதே வருஷம் இன்னொரு கேமராமேன் விஜய் மில்டன் கோலி சோடாவ எழுதி இயக்கி கேமராவும் பாத்தாரு, அது நல்லாவே ஓடுச்சு.

இந்த மாதிரி கேமராமேன்கள்கிட்ட பேட்டி எடுக்கும்போது எந்த லென்ஸ், எந்த கேமரான்னு மட்டும் கேக்காம கதை எப்படி எழுதினீங்க, பணம் எங்கிருந்து புரட்டினீங்க, படம் கைய கடிச்சா என்ன பண்ணீங்கன்னும் கேளுங்க. அசிஸ்டென்ட் கேமராமேனா இருக்குற எத்தனையோ பசங்க கையில ஸ்கிரிப்ட் வெச்சுக்கிட்டு யார்கிட்ட போறதுன்னு தெரியாம இருக்காங்க, அவங்க படிக்கிற மாதிரி ஒரு முழுப் பக்கம் போடுங்க சார்.

இப்படிக்கு,
உங்கள் வாசகர்