செயலாளரின் ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, செயற்குழு நண்பர்களே, சங்க உறுப்பினர்களே, வணக்கம்.

பொங்கல் விழாவும் வார இறுதித் தமிழ் வகுப்புகளும் வழக்கம்போல் நடந்தேறின. வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். நான் விரிவாகச் சொல்ல வேண்டியது நியூ மெக்சிகோவின் லிங்கன் ஊருக்கு நாம் போய்வந்த சுற்றுலாவைப் பற்றித்தான்.

அமெரிக்க மேற்கின் பேர்போன துப்பாக்கிக்காரன் 'பில்லி த கிட்' பெயரைச் சொல்லித்தான் பிள்ளைகளை வண்டியில் ஏற்ற முடிந்தது. அங்கே போனதும் பழைய நீதிமன்றக் கட்டடத்தின் மாடிப்படிச் சுவரில் காட்டப்படும் குண்டுத் துளை முன் படமெடுக்க வரிசை கட்டினார்கள். என் கண் போனதோ கட்டடத்தின் மேல்.

அது நீதிமன்றமாகக் கட்டப்பட்டதே அல்ல. 1873-74இல் மர்ஃபி என்ற வணிகர் எழுப்பிய கடை. சுடாத மண் செங்கல்லில் இரண்டு மாடி. அந்தக் கடையின் ஏகபோகம்தான் 1878இல் போட்டி வணிகர்களோடு நடந்த ஆயுத மோதலுக்கு, லிங்கன் கவுண்டிப் போருக்கு, இட்டுச்சென்றது. கடை நொடித்த பிறகு கவுண்டி (நம் மாவட்டம் போன்றது) நிர்வாகம் வாங்கி, மேல்மாடியில் நீதிமன்றம் வைத்தது. பழைய சிறையோ மண்ணில் தோண்டிய குழி. அதை நம்பாத ஷெரிஃப் (கவுண்டியின் காவல் தலைவர்) பேட் காரெட், தூக்குத் தண்டனைக் கைதியான பில்லியைத் தன் அலுவலகத்தை ஒட்டிய மாடி அறையில் விலங்கிட்டு வைத்தார்.

அங்கே கம்பிக் கதவு இல்லை. அதே மாடியில் ஆயுத அறை, கழிப்பிடம் கொல்லைப்புறத்தில். 1881 ஏப்ரல் 28 அன்று காரெட் வரி வசூலுக்காக வெளியூரில் இருந்தார். காவலர் ஓலிங்கர் மற்றக் கைதிகளை எதிரேயிருந்த விடுதிக்குச் சாப்பிட அழைத்துப் போயிருந்தார். கொல்லையிலிருந்து திரும்பும்போது பில்லி காவலர் பெல்லைப் படியில் சுட்டான். துப்பாக்கி எப்படிக் கிடைத்தது என்பதில் இன்றும் இரண்டு பேச்சு உண்டு. பிறகு ஓலிங்கரின் துப்பாக்கியை எடுத்து, சத்தம் கேட்டு ஓடிவந்த அவரையே சன்னலிலிருந்து சுட்டு வீழ்த்திவிட்டுத் தப்பிப்போனான். பில்லியின் சாமர்த்தியத்தைப் பாடுகிறார்கள். கடையைச் சிறையாக்கிய சிக்கனத்துக்கும் அதில் பங்குண்டு என்பது என் கருத்து.

இரயில் வசதியுள்ள கரிசோசோ ஊருக்குக் கவுண்டியின் தலைநகரை லிங்கனிலிருந்து மாற்றும் வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போனது. 1913இல் லிங்கன் தோற்றது. கட்டடம் பள்ளிக்கூடமாகி, 1930களின் இறுதியில் புதுப்பிக்கப்பட்டு இப்போது அருங்காட்சியகமாக நிற்கிறது. லிங்கன் ஊரில் ஒரே தெரு. அதிலேயே கற்கோபுரம், கடைகள் எல்லாம். மண்சுவரில் சிமெண்ட் பூசினால் ஈரம் உள்ளேயே தங்கிச் சுவரை அரிக்கும் என்பதை நம் ஊர்ப் பெரியவர்கள் சொல்லக் கேட்டவர்களுக்கு அந்தச் சுவர்களின் பராமரிப்பு எளிதில் விளங்கும்.

வண்டி ஏற்பாடு செய்தவர்களுக்கும், புளியோதரை கட்டிவந்த மகளிர் குழுவுக்கும் நன்றி. அடுத்த சுற்றுலாவில் கரிசோசோவையும் சேர்க்கலாம் என்று செயற்குழு கருதுகிறது. இவ்வறிக்கையை ஏற்றுக்கொள்ளுமாறு பேரவையைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்