கண்ணம்மாவுக்கு அம்மா எழுதுவது

அன்பு மகளுக்கு,

இங்கே டர்பன் சாட்ஸ்வர்த்தில் அனைவரும் நலம். அப்பாவுக்கு முழங்கால் வலி குறையவில்லை. தைப்பூசக் காவடியன்று கோயிலில் உன்னை விசாரிக்காதவர் இல்லை. கேப் டவுனில் வேலை அதிகம் என்று சொல்லி வைத்தேன். "நலம்" என்று நீ அனுப்பும் ஒற்றைச் சொல்லைக் கொண்டு அதற்குமேல் எதைச் சொல்ல?

சென்ற முறை காணொளியில் பேசினாயே, அப்போது உன் பின்சுவரில் நீ வாசிக்கும் இசைவில்லான உஹாடி இல்லை, ஆணி மட்டும் இருந்தது. நீ சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

கோசா இனத்து இசைக்கலைஞர் மடோசினி அம்மையாரின் இசையை முதன்முதலாகக் கேட்ட இரவில் நீ தொலைபேசியில் பேசி மாளவில்லை. கோசா பெண்கள் வழிவழியாக வாசித்த உஹாடியையும், வாயில் வைத்து இசைக்கும் உம்ருபே வில்லையும், நம் மோர்சிங்கின் இனமான இசிடோலோடோலோவையும் அவர் வெளிநாட்டு மேடைகள் வரை கொண்டு சென்றதோடு இளையவர்களுக்கும் கற்பித்தார் என்றாய். வில்லுப்பாட்டில் வில்லைக் குடத்தின்மேல் பொருத்துவதைப் போல, உஹாடியில் வில்லோடு சுரைக்குடுக்கையைக் கட்டி, அதன் வாயை நெஞ்சோடு ஒட்டியும் விலக்கியும் ஒரே தந்தியிலிருந்து பல சுரங்களை எழுப்புவார்கள் என்று எனக்கு விளக்கியவளும் நீதான். 2022 டிசம்பரில் அவர் மறைந்த செய்தி வந்தபோது நீ அழுத அழுகையை நான் மறக்கவில்லை. பிறகு கிழக்குக் கேப்பில் ஒரு மூதாட்டியின் காலடியில் அமர்ந்து கற்கத் தொடங்கினாய். தமிழ்ப் பெண்ணுக்கு இது எதற்கு என்று உன் அத்தை கேட்டபோது, கற்றுக்கொடுப்பவருக்கே மனத்தடை இல்லாதபோது நமக்கென்ன என்று சொல்லி அவர் வாயை அடைத்தேன். இன்றும் அதையே சொல்வேன்.

ஆனால் இடையில் விட்டுவிடுவதற்காகவா அந்த அம்மாள் தம் பாட்டை உன்னிடம் ஒப்படைத்தார்? 1860 முதல் கரும்புத் தோட்டங்களுக்கு வந்த நம்மவர்கள் தெருக்கூத்தையும் கொண்டுவந்தார்கள். உன் கொள்ளுத்தாத்தா கட்டியங்காரன் வேடத்தில் விடிய விடியப் பாடியவர்; அந்தப் பாட்டுகளில் இன்று நம் வீட்டில் எஞ்சியிருப்பது இரண்டு அடிகள். யாரும் எழுதி வைக்கவில்லை. ஜூலு இளவரசி மகோகோவும் 1984இல் மறைந்தார். ஆனால் உஹாடி போன்ற உகுபு வில்லை இசைத்து அவர் பாடியவை ஒலிப்பதிவாக இருந்தன. அவர் வாழ்வைச் சொல்லி 2002இல் டர்பனில் அரங்கேறிய இசை நாடகத்தில் அவர் பாடல்களும் இடம்பெற்றன. ஆகவே மூதாட்டி பாடுவதைக் கைப்பேசியிலாவது பதிவு செய். அவர் அனுமதியோடு செய். ஒவ்வொரு பாட்டுக்கும் யாரிடமிருந்து வந்தது, எந்த ஊர், எந்தச் சடங்கில் பாடுவது என்று எழுதி வை. அவர் நல்ல நிலையில் இருக்கும்போதே பதிவு செய், கண்ணம்மா.

நேரத்துக்குச் சாப்பிடு. வாடகைக்காக அந்த வில்லை விற்றிருந்தாலோ, எங்கேனும் அடகு வைத்திருந்தாலோ என்னிடம் சொல். அப்பாவிடம் சொல்ல வேண்டாம். நான் சீட்டுப் பணம் எடுத்திருக்கிறேன். வாங்கியவர் திருப்பித் தர மறுத்தால், மூதாட்டியிடமே சொல்லிப் புதிதாக ஒன்று செய்துகொள்ளலாம். ஆகும் செலவை எழுது. ஞாயிற்றுக்கிழமை காலையில் கோயிலுக்குப் போகாமல் உன் அழைப்புக்காக வீட்டிலேயே இருப்பேன்.

அன்புடன்,
அம்மா