ராயபுரத்தில் படித்த அமைச்சர்

ஆசிரியருக்கு வணக்கம்.

அம்மாவுக்குச் சர்க்கரை மாத்திரை வாங்க மாதாமாதம் ஸ்டான்லி அரசு மருத்துவமனை வரிசையில் நிற்கும்போதெல்லாம் டாக்டர் டி.எஸ்.எஸ். ராஜன் நினைவுக்கு வருவார். ஸ்ரீரங்கத்துக்காரர். ராயபுரத்தில், பிறகு ஸ்டான்லியாக வளர்ந்த மருத்துவப் பள்ளியில் படித்து, அப்புறம் இங்கிலாந்து போய் எம்.ஆர்.சி.எஸ். என்ற மருத்துவப் பட்டம் முடித்தவர். திருச்சியில் டாக்டராக இருந்தவர், 1930-இல் உப்பு சத்தியாகிரகத்தில் இறங்கினார். வேதாரண்யம் யாத்திரை அவர் வீட்டிலிருந்துதான் கிளம்பியது! 1937-இல் ராஜாஜி அமைச்சரவையில் சுகாதாரத் துறை அவரிடம் வந்தது. மறு வருஷமே ஸ்டான்லி மருத்துவப் பள்ளி, மருத்துவக் கல்லூரியானது. சென்ற மாதம் வரிசையில் முன்னால் நின்ற பெரியவரிடம் இதைச் சொன்னேன். கையிலிருந்த சீட்டை மடித்துக்கொண்டே, “நம்ம ராயபுரத்திலயா படிச்சாரு?” என்று இரண்டு முறை கேட்டார். மாத்திரை தரும் இடத்துக்குப் பக்கத்தில் ராஜன் படத்தை மாட்டி, நான்கு வரி எழுதிவைக்கும்படி சுகாதாரத் துறையைக் கேட்டுக்கொள்கிறேன்.

- ஒரு வாசகர், பழைய வண்ணாரப்பேட்டை, சென்னை